பாட்டில் தண்ணியில தளதள... தொட்டிக்கு மாத்தினா வாடிப்போகும் மணி பிளான்ட்: என்ன காரணம்? எப்படிக் காப்பாத்துவது?

பழனி அருகே மலையடிவாரத்தில் இருக்கிறது பாலசமுத்திரம். பாலாறு - பொருந்தலாறு அணை பக்கத்திலேயே இருப்பதால் சுற்றிலும் தென்னை, மா, கொய்யா என்று பச்சைக்குக் குறைவில்லாத ஊர். இருந்தாலும் வீட்டுக்குள் ஒரு செடி வேணும் என்ற ஆசை யாரை விட்டது? டிவி ஸ்டாண்டு மேல், ஜன்னல் திட்டில், சமையலறை ஓரத்தில் ஒரு பழைய ஹார்லிக்ஸ் பாட்டிலோ ஜூஸ் பாட்டிலோ இருக்கும். அதில் ஒரு மணி பிளான்ட் கொடி. திண்டுக்கல் மாவட்டத்தில் மட்டுமில்லை, தமிழ்நாட்டில் எந்த ஊர் வீட்டிலும் பார்க்கக்கூடிய காட்சிதான் இது.

இரண்டு வாரத்தில் வெள்ளை வெளேர்னு வேர் எட்டிப் பார்க்கும். வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். அடுத்து ஒரு தொட்டி வாங்கி, மண் போட்டு, கொடியை நட்டு வைப்பார்கள். அங்கேதான் சிக்கல் ஆரம்பிக்கிறது. "தண்ணியில இருந்த வரைக்கும் நல்லாத்தான் இருந்துச்சு, மண்ணுல வச்ச நாலாம் நாளே தொங்கிருச்சு" என்ற புலம்பலைக் கேட்காத நர்சரிக்காரர் இருக்க மாட்டார்.

மண் சரியில்லை, உரம் போதவில்லை, கைராசி இல்லை என்று ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். உண்மையான காரணம் பெரும்பாலும் வேரில்தான் இருக்கிறது. தண்ணீரில் வளர்ந்த வேரும் மண்ணில் வளர்ந்த வேரும் ஒன்றல்ல.

முதலில், எங்கே வெட்டணும்?

இதில் தப்பு நடந்தால் அப்புறம் என்ன செய்தாலும் வேர் வராது. மணி பிளான்ட் கொடியைக் கையில் எடுத்துப் பாருங்கள். ஒவ்வொரு இலைக்காம்பும் தண்டில் சேரும் இடத்தில் ஒரு மேடு இருக்கும். அதுதான் கணு. பல கொடிகளில் அந்தக் கணுவின் அடிப்பக்கத்தில் பழுப்பு நிறத்தில் சின்ன முளை மாதிரி ஒன்று நீட்டிக்கொண்டு இருக்கும். மரத்தைப் பிடித்து ஏறுவதற்காகச் செடி தயாராக வைத்திருக்கும் காற்று வேர் அது. தண்ணீர் பட்டதும் முதலில் நீள்வது இதுதான்.

கணு இல்லாமல் வெறும் இலையையும் காம்பையும் மட்டும் கிள்ளித் தண்ணீரில் போடுபவர்கள் நிறைய. இலை மாசக்கணக்கில் பச்சையாக இருக்கும், சில சமயம் காம்பின் நுனியில் வேர்கூட வரும். ஆனால் புதுத் தளிர் வராது. தளிருக்கான மொட்டு கணுவில்தான் இருக்கிறது. அது இல்லாத இலை, பூச்சாடியில் வைத்த பூ மாதிரி. அழகுக்கு இருக்கும், அவ்வளவுதான்.

ஆகவே கணுவுக்குக் கீழே அரை அங்குலம் விட்டு, சுத்தமான கத்தரியால் வெட்டணும். நான்கைந்து அங்குல நீளமும் இரண்டு மூன்று கணுவும் இருந்தால் போதும். தண்ணீருக்குள் போகிற இலையை எடுத்துவிட வேண்டும். விட்டால் அழுகி, தண்ணீரையும் கெடுத்துவிடும்.

'மணி பிளான்டைத் திருடி வச்சாதான் வளரும்' என்ற நம்பிக்கையைக் கேட்டிருப்பீர்கள். அடுத்த வீட்டுக் காம்பவுண்டில் தொங்குவதை அவசரமாக ஒடித்தால் எப்படியும் இரண்டு மூன்று கணு சேர்ந்துதான் கையோடு வரும். அது வேர் பிடிப்பதில் ஆச்சரியம் என்ன? கேட்டு வாங்கினாலும் இதே மாதிரிதான் வளரும்.

வெட்டுப்பட்ட தண்டுக்கு வேர் விடத் தெரிவது எப்படி?

செடியின் நுனித் தளிரிலும் இளம் இலைகளிலும் ஆக்சின் என்ற ஹார்மோன் உருவாகி, தண்டு வழியாகக் கீழே இறங்கிக்கொண்டே இருக்கும். 1928-ல் நெதர்லாந்தைச் சேர்ந்த ஃபிரிட்ஸ் வென்ட், ஓட்ஸ் நாற்றுகளை வைத்துச் செய்த சோதனையில் இப்படி ஒரு பொருள் இருப்பதைப் பிரித்துக் காட்டினார். வேர் விடத் தூண்டுவதும் இதே ஆக்சின்தான் என்பது 1930-களின் நடுவில் தெளிவானது.

தண்டை வெட்டினால் என்ன ஆகும்? கீழே இறங்கி வந்த ஆக்சினுக்கு அதற்கு மேல் போக வழியில்லை. வெட்டுவாய்க்குப் பக்கத்திலேயே தேங்குகிறது. இலையில் தயாரான சர்க்கரையும் அங்கேயே சேர்கிறது. காயமும் ஹார்மோனும் சாப்பாடும் ஒரே இடத்தில் கூடியதும், சாதாரணத் தண்டுத் திசுவில் உள்ள சில செல்கள் புதிதாகப் பிரிந்து வேர் முனையாக மாறுகின்றன. நர்சரிகளில் வேர் ஊக்கிப் பவுடர் என்று விற்பதில் பெரும்பாலும் இருப்பது, ஆக்சின் வகையைச் சேர்ந்த இண்டோல் பியூட்டிரிக் அமிலம்தான்.

பழனி வட்டாரத்துக்கு இது ஒன்றும் புது விஷயம் இல்லை. பாலசமுத்திரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் ஆயக்குடி கொய்யாவுக்குப் பேர் போன ஊர். கொய்யாவில் தாய்மரத்தின் குணம் மாறாமல் கன்று வேண்டும் என்றால் விதை போட மாட்டார்கள், பதியம் போடுவார்கள். விண்பதியம் போடும்போது கிளையைச் சுற்றி ஒரு வளையம் அளவுக்குப் பட்டையை உரித்து, ஈரப் பாசியோ தென்னை நார்க்கழிவோ வைத்து, பாலித்தீன் தாளால் கட்டிவிடுவார்கள். பட்டையை உரித்ததால் மேலிருந்து வரும் சர்க்கரையும் ஹார்மோனும் அந்த இடத்தில் தேங்கி வேர் இறங்கும். வேர் வந்த பிறகுதான் கிளையை வெட்டுவார்கள். மணி பிளான்ட் பாட்டிலில் நடப்பதும் இதேதான். முதலில் வெட்டிவிட்டு அப்புறம் வேருக்காகக் காத்திருக்கிறோம் என்பது மட்டும் வித்தியாசம்.

இன்னொரு சுவாரசியம். மணி பிளான்டில் பூவைப் பார்த்தவர்கள் உண்டா? பசிபிக் பெருங்கடலில், பிரெஞ்சு பாலினீசியாவில் உள்ள மூரியா தீவுதான் இதன் பூர்வீகம். பூப்பதற்குத் தேவையான ஜிப்ரலின் ஹார்மோனைத் தயாரிக்கும் மரபணு இதில் சரியாக வேலை செய்வதில்லை என்று 2016-ல் வெளியான ஓர் ஆய்வு கண்டறிந்தது. பூ இல்லை என்றால் காய் இல்லை, விதையும் இல்லை. ஆக, நம் வீட்டு பாட்டிலில் இருப்பது எங்கோ ஒரு செடியில் வெட்டி, அதிலிருந்து வெட்டி, மறுபடி அதிலிருந்து வெட்டி வந்த துண்டுதான்.

எல்லாச் செடியும் தண்ணியில வேர் விடுமா?

விடாது. தண்டு மென்மையாகவும் சாறு நிறைந்தும் இருக்கும் செடிகளுக்குத்தான் இது எளிது. புதினா, கற்பூரவல்லி, கோலியஸ் எல்லாம் வாரம் பத்து நாளில் வேர் காட்டிவிடும். மணி பிளான்ட், பிலோடென்ட்ரான், சிங்கோனியம் இரண்டு மூன்று வாரம் கேட்கும். துளசியின் பூக்காத இளங்கிளையும் வேர் பிடிக்கும்.

ஸ்நேக் பிளான்ட் இலையைத் துண்டாக்கி வைத்தால் ஒன்றிரண்டு மாசம் ஆகும். தலைகீழாக வைத்துவிட்டால் வேர் வராது என்பதால், வெட்டும்போதே எது அடிப்பக்கம் என்று அடையாளம் போட்டுக்கொள்வது நல்லது. ஓரத்தில் மஞ்சள் கோடு போட்ட வகையை இப்படி இலையிலிருந்து வளர்த்தால், வரும் குட்டியில் மஞ்சள் இருக்காது, முழுப் பச்சையாகத்தான் இருக்கும். இலை ஓரத்தில் உள்ள மஞ்சள் திசுவும் உள்ளே உள்ள பச்சைத் திசுவும் மரபணுவில் வேறு வேறு. குட்டி உருவாவது உள்ளே இருக்கும் திசுவிலிருந்து. 'நர்சரியில ஏமாத்திட்டாங்க' என்று நினைக்க வேண்டாம். மஞ்சள் ஓரம் வேண்டும் என்றால் அடிக்கிழங்கோடு பிரித்துத்தான் நட வேண்டும்.

ரோஜா, மல்லிகை, போகன்வில்லா மாதிரி தண்டு கட்டையான செடிகளுக்குப் பாட்டில் சரிப்படாது. குச்சியாக மண்ணில் நடுவதோ பதியமோதான் அவற்றுக்கு வழி. கறிவேப்பிலைக் கொத்தைத் தண்ணீரில் வைத்து வேர் வருமென்று காத்திருப்பது வீண். பழம் கிடைத்தால் உடனே விதை போடலாம், இல்லையென்றால் மரத்தடியில் வேரிலிருந்து முளைக்கும் கன்றைப் பிரித்து வைக்கலாம்.

எந்தத் தண்ணீர்?

குழாய்த் தண்ணீரில் குளோரின் வாசனை அடித்தால் ஒரு ராத்திரி திறந்த பாத்திரத்தில் வைத்துவிட்டு மறுநாள் ஊற்றலாம். போர்வெல் தண்ணீர்தான் கொஞ்சம் யோசிக்க வேண்டியது. திண்டுக்கல் சமவெளியில் பல இடங்களில் போர்வெல் உப்பு. பாட்டிலில் தண்ணீர் மட்டத்தில் வெள்ளையாகக் கறை படிகிறதா என்று பார்த்தாலே தெரிந்துவிடும். மழைத் தண்ணீர் பிடித்து வைத்திருந்தால் அதைவிட நல்லது வேறு இல்லை. ஆர்.ஓ. தண்ணீரும் சரிதான். ஆனால் ஆர்.ஓ. மெஷின் வெளியே தள்ளும் கழிவுத் தண்ணீரை மிச்சப்படுத்துகிறோம் என்று இதில் ஊற்றிவிடக் கூடாது. வடிகட்டிய உப்பு முழுக்க அதில்தான் இருக்கும்.

இதைவிட முக்கியம் ஆக்சிஜன். வேரும் சுவாசிக்கும். ஒரு லிட்டர் காற்றில் சுமார் 270 மில்லிகிராம் ஆக்சிஜன் இருக்கும். 25 டிகிரி வெப்பத்தில் ஒரு லிட்டர் தண்ணீரில் கரைந்திருப்பதோ அதிகபட்சம் 8 மில்லிகிராம். சூடு ஏற ஏற அதுவும் குறையும். தண்ணீருக்குள் ஆக்சிஜன் பரவும் வேகம் காற்றில் பரவுவதைவிடச் சுமார் 10,000 மடங்கு மெதுவு. சித்திரை வெயிலில், ஜன்னல் ஓரத்தில், பத்து நாளாக மாற்றாத தண்ணீரில் வேர் பழுப்பாகி வழவழவென்று ஆவதற்கு இதுதான் காரணம். வேர் மூச்சு முட்டிச் சாகிறது, அப்புறம்தான் அழுகுகிறது.

வெளிச்சம் வேணும், நேர் வெயில் கூடாது. கண்ணாடி பாட்டிலில் பாசி பிடித்தால் கழுவிவிட்டு, பாட்டிலைச் சுற்றிப் பழுப்புக் காகிதம் ஒட்டினால் போதும். வெளிச்சம் படாத தண்ணீரில் பாசி வளராது.

மண்ணுக்கு மாத்தினதும் என்ன நடக்குது?

தண்ணீருக்குள் வளரும் வேருக்குத் தண்ணீரைத் தேட வேண்டிய வேலையே இல்லை. நாலு பக்கமும் தண்ணீர். அதனால் அது தேடுவதற்கான கருவிகளை அவ்வளவாக உருவாக்குவதில்லை. மண்ணில் வளரும் வேரின் நுனிக்குச் சற்று மேலே கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் பஞ்சு மாதிரி வேர்த்தூவிகள் இருக்கும். மண் துகள்களுக்கு நடுவே மெல்லிய படலமாக ஒட்டியிருக்கும் ஈரத்தை உறிஞ்சுவது பெரும்பாலும் இவைதான். தண்ணீர் வேரில் இந்தத் தூவிகள் பல செடிகளில் மிகக் குறைவு, சிலவற்றில் இல்லவே இல்லை.

அதற்குப் பதிலாக, குறைந்த ஆக்சிஜனில் பிழைப்பதற்கு ஏற்ற மாதிரி வேருக்குள் காற்று இடைவெளிகள் உருவாகும். நெல்லின் வேர் சேற்றுக்குள் பிழைப்பதும் இப்படிப்பட்ட காற்று அறைகளால்தான். இதனால் தண்ணீர் வேர் தடிமனாக, வெள்ளையாக, பார்க்க அழகாக இருக்கும். தொட்டால் பட்டென்று ஒடியும்.

இப்படிப்பட்ட வேரைத் தூக்கி மண்ணில் வைத்து, 'தண்ணி அதிகம் ஊத்தினா அழுகிடும்'னு யாரோ சொன்னதைக் கேட்டு இரண்டு நாளைக்கு ஒருமுறை ஒரு டம்ளர் ஊற்றினால் என்ன ஆகும்? மண்ணில் ஈரம் இருக்கும். ஆனால் அதை எடுக்க வேருக்குத் தெரியாது. மேலே இலைகள் வழக்கம்போலத் தண்ணீரை ஆவியாக்கிக்கொண்டே இருக்கும். வரவு நின்றுபோய் செலவு மட்டும் நடக்கிற வீடு மாதிரி. நாலாம் நாள் இலை தொங்கிவிடும்.

செடி அதோடு விட்டுவிடாது. பழைய வேரில் ஒரு பகுதி சாகும், அதிலிருந்தும் கணுவிலிருந்தும் மண்ணுக்கு ஏற்ற புது வேர்கள் கிளம்பும். இதற்கு இரண்டு மூன்று வாரம் ஆகலாம். அந்த இரண்டு மூன்று வாரத்தை எப்படிக் கடத்துவது என்பதுதான் முழு விஷயமும்.

எப்போது மாற்றணும்?

பலரும் செய்யும் தவறு, 'வேர் இன்னும் நல்லா வரட்டும்'னு பாட்டில் முழுக்கச் சுருண்டு நிறையும் வரை காத்திருப்பது. இதில் பொறுமை கெடுதல். எவ்வளவு நீளமாகத் தண்ணீர் வேர் வளர்கிறதோ, அவ்வளவும் மண்ணில் வேலைக்கு ஆகாமல் போகலாம். நாலைந்து வேர் வந்து, அவை ஒன்று முதல் இரண்டு அங்குலம் இருக்கும்போதே, பக்கவேர் தலைகாட்டும் சமயத்தில் மாற்றிவிடுவது நல்லது. இளம் வேருக்குத் தன்னை மாற்றிக்கொள்ளும் திறன் அதிகம்.

பழனி - பாலசமுத்திரம் பக்கம் சீசனையும் பார்க்கணும். பங்குனி, சித்திரையில் வெயில் தாங்காது. ஆனி, ஆடியில் வெயில் குறைந்த மாதிரி இருக்கும், ஆனால் காற்று. தென்மேற்குப் பருவமழை மலைக்கு அந்தப் பக்கமே பெரும்பாலும் தீர்ந்துவிட, இந்தப் பக்கம் வீசும் ஆடிக்காற்று இலையிலிருந்து ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு போய்விடும். புதிதாக நட்ட செடியை மாடியிலோ வாசலிலோ வைத்தால் ஒரே நாளில் வாடும். புரட்டாசிக் கடைசியில் இருந்து கார்த்திகை வரை, வடகிழக்குப் பருவமழைக் காலம்தான் இந்த வட்டாரத்துக்கு வசதி. வேறு மாசத்தில் செய்தே ஆக வேண்டும் என்றால் வீட்டுக்குள், ஃபேன் காற்று நேராகப் படாத இடத்தில் வைக்கணும்.

கொடைக்கானல் போய்வரும்போது வாங்கி வரும் பிகோனியா, ஜெரேனியம் மாதிரி செடிகளில் கிள்ளி வைத்தால், வேர் வந்தாலும் சமவெளி வெயிலில் தாக்குப்பிடிப்பது சிரமம். அது மாற்றும் முறையின் தவறு இல்லை, ஊரின் வெப்பம் அப்படி.

மண் கலவையும் முதல் இரண்டு வாரமும்

தோட்டத்து மண்ணை அப்படியே தொட்டியில் நிரப்பக் கூடாது. தொட்டிக்குள் அது இறுகிக் கட்டியாகிவிடும். செம்மண் ஒரு பங்கு, ஊறவைத்து அலசிய தென்னை நார்க்கழிவு ஒரு பங்கு, மண்புழு உரமோ நன்றாக மக்கிய சாண எருவோ அரைப் பங்கு, ஆற்றுமணலோ பெர்லைட்டோ அரைப் பங்கு. இது ஒரு நல்ல கலவை. நார்க்கழிவை ஏன் அலசணும்? அதில் உப்பு இருக்கும். கட்டியாக வாங்கியதை ஒரு பக்கெட்டில் ஊறவைத்து, இரண்டு மூன்று முறை தண்ணீர் மாற்றிப் பிழிந்து எடுத்தால் போதும். எரு மக்காமல் இருந்தால் சூடு கிளப்பி வேரைச் சுட்டுவிடும்.

பெரிய தொட்டி வாங்கினால் செடி சீக்கிரம் வளரும் என்பதும் தப்பு. இரண்டு மூன்று கொடிக்கு நாலைந்து அங்குலத் தொட்டி தாராளம். பெரிய தொட்டியில் வேர் எட்டாத மண் நாள் கணக்கில் ஈரமாகவே கிடந்து அழுகலை வரவழைக்கும். அடியில் ஓட்டை கட்டாயம்.

சாயங்காலம் நடுவது நல்லது. மண்ணை முதலிலேயே நனைத்துவிட்டு, விரலால் குழி எடுத்து, வேரை மடக்காமல் இறக்கி, மேலே மண்ணைத் தூவ வேண்டும். வேர் ஒடியும் என்பதால் கையால் அழுத்திக் கெட்டிப்படுத்தக் கூடாது. அடியில் வழியும் வரை தண்ணீர் ஊற்றினால் மண் தானே வேரோடு ஒட்டிக்கொள்ளும்.

இங்கேதான் வழக்கமான அறிவுரைக்கு நேர்மாறாகச் செய்ய வேண்டும். முதல் ஏழு முதல் பத்து நாள் மண்ணைக் காயவே விடக் கூடாது. பிழிந்த துணி அளவுக்கு ஈரம் எப்போதும் இருக்கணும், ஆனால் தட்டில் தண்ணீர் தேங்கக் கூடாது. இரண்டாவது வாரத்தில் மேல்மண் லேசாகக் காய்ந்த பிறகு ஊற்றலாம். மூன்றாவது வாரத்துக்குப் பிறகு விரலை ஓர் அங்குலம் உள்ளே விட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் மட்டும் ஊற்றினால் போதும். தண்ணீர் வேரைக் கொஞ்சம் கொஞ்சமாக மண்ணுக்குப் பழக்கும் ஏற்பாடு இது.

இலை தொங்குவதைத் தடுக்க ஒரு கண்ணாடித்தாள் கவரைக் குச்சி வைத்துக் கூடாரம் மாதிரி மூடலாம். உள்ளே ஈரப்பதம் நிற்கும், ஆவியாவது குறையும். தினமும் பத்து நிமிஷம் திறந்துவிடணும். கவர் மூடிய தொட்டியை வெயிலில் மட்டும் வைக்காதீர்கள், உள்ளே இட்லி மாதிரி வெந்துவிடும். ஒரு மாசத்துக்கு உரமும் வேண்டாம். வேலை செய்யாத வேருக்கு உரம் உப்புச் சுமைதான்.

வேர் வருவதைக் கண்ணால் பார்க்கிற ஆசை இல்லை என்றால், பாட்டிலே இல்லாமல் கணுவோடு வெட்டிய துண்டை நேராக ஈரமான நார்க்கழிவில் ஊன்றிவிடலாம். வெற்றிலைக் கொடிக்கால் போடுபவர்கள் காலங்காலமாகக் கொடியை வெட்டி ஈர மண்ணில்தான் பதிக்கிறார்கள். வருகிற வேர் முதலிலிருந்தே மண் வேராக வரும், மாற்றும் அதிர்ச்சியே இல்லை. விஷயம் தெரிந்தவர்கள் இதைத்தான் விரும்புவார்கள். ஆனால் பாட்டிலுக்குள் வேர் இறங்குவதைக் குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்கும் சுகம் இதில் கிடைக்காது.

மண்ணுக்கே மாத்தாம விட்டா?

வாழும், வருஷக்கணக்கில்கூட. வளராது, அவ்வளவுதான். 1699-ல் இங்கிலாந்தில் ஜான் உட்வர்ட் என்பவர் புதினாவை மழைத் தண்ணீரிலும், தேம்ஸ் ஆற்றுத் தண்ணீரிலும், தோட்டத்து மண் கலக்கிய தண்ணீரிலும் தனித்தனியே வளர்த்துப் பார்த்தார். மண் கலந்த தண்ணீரில் இருந்த புதினா மற்றவற்றைவிட நன்றாக எடை கூடியது. செடிக்கு வெறும் தண்ணீர் மட்டும் போதாது, மண்ணிலிருந்து கரைந்து வரும் வேறு ஏதோ வேண்டும் என்பதற்கு ஆரம்பகாலச் சான்றுகளில் ஒன்று அது. தண்ணீரில் நீண்ட நாள் இருக்கும் மணி பிளான்டில் இலை சிறுத்து, வெளிறி வருவது இதே பசிதான். பாட்டிலிலேயே வைத்திருக்க விரும்புபவர்கள் மாசம் ஒருமுறை திரவ உரத்தை, பாக்கெட்டில் போட்டிருக்கும் அளவில் கால் பங்குக்கும் குறைவாகக் கலந்து ஊற்றலாம்.

மறந்துவிடக் கூடாத ஒன்று: கொசு

மணி பிளான்ட் பாட்டிலைப் பற்றிச் செடி ஆர்வலர்களைவிட அதிகம் கவலைப்படுவது சுகாதாரத் துறைதான். டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு சாக்கடையில் முட்டை போடுவதில்லை. அதற்குச் சுத்தமான, அசையாத, சின்ன அளவு தண்ணீர் வேணும். வீட்டுக்குள் நிழலில் இருக்கும் செடி பாட்டில் அதற்குத் தோதான இடம். டெங்கு தடுப்புப் பணியாளர்கள் வீடு வீடாக வரும்போது ஃபிரிட்ஜின் பின்புறத் தட்டு, பழைய டயர், தேங்காய்ச் சிரட்டையோடு மணி பிளான்ட் பாட்டிலையும் எட்டிப் பார்ப்பது இதனால்தான்.

முட்டை பறக்கும் கொசுவாக மாற நம் ஊர் வெப்பத்தில் ஏழு முதல் பத்து நாள் போதும். ஆகவே ஐந்து நாளைக்கு ஒருமுறை, எப்படிப் போனாலும் வாரம் ஒருமுறை, தண்ணீரை மாற்றியே ஆகணும். வேருக்குப் புது ஆக்சிஜன் கிடைப்பதும் இதில்தான்.

பலர் கோட்டை விடுவது வேறு இடத்தில். ஏடிஸ் கொசு முட்டையைத் தண்ணீரில் மிதக்க விடுவதில்லை, தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே பாட்டிலின் உள்சுவரில் ஒட்டி வைக்கும். அந்த முட்டை காய்ந்த நிலையிலும் மாசக்கணக்கில் உயிரோடு இருக்கும். பழைய தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீர் ஊற்றினால், முட்டைக்கும் சேர்த்துத் தண்ணீர் ஊற்றியதாக ஆகிவிடும். பாட்டில் பிரஷ் போட்டு உள்சுவரைத் தேய்த்துக் கழுவ வேண்டும். அதனால்தான் பிரஷ் நுழையாத குறுகிய வாய் பாட்டிலைவிட அகலமான வாய் பாட்டில் நல்லது. வாயில் கொடியைச் சுற்றிப் பஞ்சோ கொசுவலைத் துணியோ அடைத்துவிட்டால் இன்னும் பாதுகாப்பு. கொட்டும் தண்ணீரை வடிகாலில் விடாமல் காய்ந்த மண்ணில் ஊற்றினால் புழு இருந்தாலும் செத்துவிடும்.

செடி மாற்றத் தோதான ஐப்பசி, கார்த்திகைதான் டெங்கு காய்ச்சலுக்கும் சீசன். எனவே மழைக்காலம் தொடங்கியதும் வேர் வந்த பாட்டில்களை மண்ணுக்கு மாற்றிவிடுவது இரண்டுக்கும் சேர்த்து ஒரே தீர்வு. தொட்டிக்குக் கீழே வைக்கும் தட்டில் மணலை நிரப்பிவிட்டால் அங்கும் தண்ணீர் தேங்காது.

தவழும் குழந்தையோ நாய், பூனையோ இருக்கும் வீட்டில் பாட்டில் எட்டாத உயரத்தில் இருக்கட்டும். மணி பிளான்ட், டிஃபன்பேக்கியா போன்றவற்றின் இலையில் ஊசி வடிவ கால்சியம் ஆக்சலேட் படிகங்கள் உண்டு. கடித்தால் வாயும் நாக்கும் எரிந்து வீங்கும். சேப்பங்கிழங்கை நறுக்கினால் கை அரிப்பதும் இந்த வகைப் படிகங்களால்தான். வாயைக் கழுவிவிட்டு, வீக்கமோ மூச்சுத் திணறலோ இருந்தால் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

வேண்டாத கொடியை வாய்க்காலிலோ மலையடிவாரத்திலோ வீசுவதும் கூடாது. மரத்தில் ஏறினால் இதே மணி பிளான்ட்டின் இலை முறம் அளவுக்கு விரியும். இலங்கை உட்படப் பல வெப்பமண்டல நாடுகளில் காட்டுக்குள் புகுந்து பரவிய செடி இது. வெயிலில் காயவைத்துவிட்டு எருக்குழியில் போடலாம்.

ஏற்கெனவே வாடிவிட்டதா?

இப்போது தொட்டியில் தொங்கிக்கொண்டிருக்கும் செடியை உடனே பிடுங்கிப் பார்க்காதீர்கள். பிடுங்கினால் புதிதாகக் கிளம்பிய தூவிகளும் போய்விடும். தண்டைத் தொட்டுப் பாருங்கள். கெட்டியாக, பச்சையாக இருந்தால் இலை நாலு உதிர்ந்தாலும் பரவாயில்லை. நிழலுக்கு மாற்றி, கவர் மூடி, மூன்று வாரம் விடலாம். கணுவில் சுருட்டிய புது இலை எட்டிப் பார்த்தால் கீழே வேர் பிடித்துவிட்டது என்று அர்த்தம். தண்டு அடியில் கறுத்து, அமுக்கினால் கொழகொழவென்று இருந்தால் காத்திருப்பதில் பயனில்லை. கறுப்புக்கு மேலே நல்ல கணுவாகப் பார்த்து வெட்டி, கழுவிய பாட்டிலில் புதுத் தண்ணீரில் வைத்து, வேர் ஓர் அங்குலம் வந்ததும் மறுபடி மண்ணுக்கு மாற்றலாம்.